ரயில்காரர்கள் எடுத்த வசந்தம்

சென்ற ஆண்டு மார்ச்சில் அம்மா எங்களோடு மூன்று மாதம் இருக்க இங்கிலாந்தில் வோக்கிங்குக்கு வந்திருந்தார். குளிர் விடுவதாக இல்லை. ஒரு சனிக்கிழமை மாலை ஹீட்டருக்குப் பக்கத்தில் நாற்காலிகளை இழுத்துப் போட்டுக்கொண்டு இருவரும் ஒரு பழைய படம் பார்த்தோம். 1957இல் வந்தது. பெயர் ‘ஜர்னி இன்டு ஸ்பிரிங்’. அரை மணி நேரம்தான். எடுத்தவர்கள் பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ், அதாவது அரசு ரயில்வேயின் சொந்தப் படப்பிரிவு.

“ரயில்காரங்க எடுத்த படம்மா” என்று சொல்லித்தான் உட்கார வைத்தேன். அம்மாவுக்கு ரயில் என்றால் உயிர். பத்து நிமிடம் பேசாமல் பார்த்தார். மொட்டு வந்தது, பறவை வந்தது, புல்வெளி வந்தது. அப்புறம் மெதுவாகக் கேட்டார்: “ரயில் எப்படா வரும்?”

ரயிலுக்கு அந்தப் படத்தில் வேலையே இல்லை. மார்ச் தொடங்கி மே வரை ஹாம்ப்ஷயரில் செல்போர்ன் என்ற கிராமத்தைச் சுற்றி வசந்தம் எப்படி வந்து சேர்கிறது என்பதுதான் மொத்தக் கதையும். டிக்கெட் விலை கிடையாது, எந்த ஸ்டேஷனில் இறங்க வேண்டும் என்ற தகவல் கிடையாது. முடிந்ததும் அம்மா சால்வையைச் சரிசெய்துகொண்டே சொன்னார்: “ஆளை ஊருக்கு வரவைக்கத்தானே படம் எடுக்கறான்? எப்படிப் போகணும்னு சொல்ல வேண்டாமா?”

நான் ஏதோ சமாளித்தேன். ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. இரண்டு மாதம் அதன் பின்னாலேயே போய், கடைசியில் அந்த ஊருக்கே ஒரு நடை போய்விட்டு வந்தேன். அதைத்தான் எழுதுகிறேன்.

முதலில் ஆட்கள் யார் என்று பார்த்துவிடலாம். 1948 ஜனவரி முதல் தேதி பிரிட்டனின் ரயில்வே முழுக்க அரசுடைமையானது. பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் கமிஷன் என்ற ஒற்றைக் குடைக்குக் கீழே ரயில், கால்வாய், துறைமுகம், லண்டன் பஸ் எல்லாம் வந்தன. தாமஸ் குக் பயண நிறுவனம்கூட அரசின் கையில்தான் இருந்தது. இத்தனை பெரிய குடும்பத்துக்குப் படம் எடுத்துத் தர 1949இல் ஒரு பிரிவைத் தொடங்கி, எட்கர் ஆன்ஸ்டியைத் தலைமைக்கு உட்கார வைத்தார்கள். இவர் பிரிட்டிஷ் ஆவணப்பட முன்னோடி ஜான் கிரியர்சனின் பட்டறையில் வளர்ந்த ஆவணப்படக்காரர். 1935இலேயே லண்டன் சேரிக்குள் கேமராவைக் கொண்டுபோய், அங்கே இருந்தவர்களையே அவர்கள் வீட்டு எலி, மூட்டைப்பூச்சி பற்றி நேராகப் பேச வைத்தவர். 1974 வரை இந்த நாற்காலியில் இருந்தார்.

அவருக்குக் கீழே எடுத்த படங்களில் ஒரு பகுதி, ஊழியர்களுக்குத் தண்டவாளப் பராமரிப்பும் பாதுகாப்பும் சொல்லிக்கொடுக்கிற ரகம். மீதியில் பயணப்படங்கள் கணிசம். தியேட்டரில் ஓடியது போக, 16 மில்லிமீட்டர் பிரதிகளாகப் பள்ளிக்கூடத்துக்கும் சங்கங்களுக்கும் இரவல் போயின. மழைக்கால மாலையில் ஏதோ ஒரு ஊர் மண்டபத்தில், கரகரக்கிற புரொஜெக்டரில், வேறொரு கிராமத்தின் ஏப்ரல் மாதத்தைப் பார்த்திருப்பார்கள்.

அந்தக் காலப் பயணப்படத்துக்கு ஒரு வாய்ப்பாடு உண்டு. எம்ஜிஎம் நிறுவனத்துக்காக ஜேம்ஸ் ஃபிட்ஸ்பேட்ரிக் 1930இலிருந்து எடுத்துத் தள்ளிய ‘டிராவல்டாக்ஸ்’ வரிசையில் ஒன்றிரண்டு பார்த்தால் போதும், புரிந்துவிடும். பத்து நிமிடத்தில் ஒரு நாடு. சிரிக்கிற பெண்கள், ஒரு கோயில், ஒரு சந்தை. கடைசியில் சூரியன் சாயும், பின்னணிக் குரல் குழையும், பிரிய மனமில்லாமல் விடைபெறும். அடுத்த மாதம் இன்னொரு நாட்டிலும் இதே சூரியன் இதே போல் சாயும்.

இங்கிலாந்தைப் படம் பிடித்ததில் அதற்கும் முந்தைய ஒன்று உண்டு. அதை நான் விரும்பிப் பார்ப்பேன். 1920களின் நடுவில் கிளாட் ஃப்ரீஸ்-கிரீன் என்பவர் காரில் கேமராவை ஏற்றிக்கொண்டு தென்மேற்கு மூலையான லேண்ட்ஸ் எண்டிலிருந்து வடகோடி ஜான் ஓ குரோட்ஸ் வரை போய் ‘தி ஓப்பன் ரோடு’ எடுத்தார். கறுப்பு வெள்ளைச் சுருளில், ஒன்றுவிட்டு ஒரு ஃபிரேமுக்குச் சிவப்பும் பச்சையுமாகச் சாயம் ஏற்றி, வேகமாக ஓட்டிக் கண்ணை ஏமாற்றும் வித்தை. மீன் துறையும் வயலும் ஓட்டு வீடும் நூறு வருடத்துக்கு முந்தைய நிறத்தோடு வந்து நிற்கும். ஒரே சங்கடம், ஏதாவது வேகமாக அசைந்தால் அதன் ஓரத்தில் சிவப்பும் பச்சையும் தனித்தனியாகப் பிசிறடிக்கும். ஓடுகிற குழந்தையைவிட நிற்கிற சுவர் அழகாக இருக்கும். அசையாத இங்கிலாந்து என்கிற கனவுக்கு ஏற்ற கருவிதான் என்று பார்க்கும்போதெல்லாம் சிரித்துக்கொள்வேன்.

1957 படத்தில் அந்தச் சங்கடம் இல்லை. நிறம் நிறமாகவே வருகிறது. ஆனால் அங்கும் யாரும் எங்கும் போவதில்லை. போகாமல் இருப்பதற்குக் காரணம் ஒரு மனிதர்.

கில்பர்ட் வைட், 1720இல் செல்போர்னில் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் படித்துவிட்டு, நல்ல பதவிகளுக்கு வாய்ப்பு இருந்தும் ஊர்ப்பக்கமே திரும்பி, உதவிப் பாதிரியாராகவே காலத்தை ஓட்டினார். 1793இல் அதே ஊரில் இறந்தார். இடையில் செய்தது ஒன்றுதான்: தன் ஊரை உற்றுப் பார்த்துக் குறித்துவைத்தது. எந்தத் தேதியில் எந்தப் பூ, எந்தத் தேதியில் எந்தப் பறவை, மண்புழு என்ன செய்கிறது, மழை எவ்வளவு. இவற்றை இரண்டு நண்பர்களுக்குக் கடிதங்களாக எழுதி, 1789இல் ‘செல்போர்னின் இயற்கை வரலாறு’ என்று புத்தகமாக்கினார்.

இதில் எனக்குப் பிடித்த தகவல், இவருக்குக் கோச்சு வண்டி ஒத்துக்கொள்ளாது. ஏறினால் குமட்டும். வண்டியில் ஏறினாலே வாந்தி வருகிற ஒருவரைத் தேடிப்பிடித்துத்தான் நாட்டின் மொத்தப் போக்குவரத்துக் கழகமும் பயணப்படம் எடுத்திருக்கிறது. அம்மாவிடம் இதைச் சொன்னபோது வாய்விட்டுச் சிரித்தார். அவருக்கும் மலைப்பாதை பஸ் ஆகாது.

நியாயமாக ஒன்று சொல்ல வேண்டும். வைட் ஊரைவிட்டு நகராத மனிதர் என்பது பாதி கட்டுக்கதை. குதிரையில் நிறையச் சுற்றியிருக்கிறார். ஆக்ஸ்ஃபோர்டுக்கும் சசெக்ஸில் இருந்த அத்தை வீட்டுக்கும் போய் வந்துகொண்டே இருந்தார். அத்தை இறந்ததும் அவர் வளர்த்த ஆமையை 1780 மார்ச்சில் தோண்டி எடுத்து, மண்ணோடு பெட்டியில் வைத்து, 80 மைல் தூரம் வண்டியில் கொண்டுவந்தார். குளிர்காலத் தூக்கத்தில் இருந்த ஆமை, வண்டி குலுக்கிய குலுக்கலில் முழுசாக விழித்துக்கொண்டதாம். டிமத்தி என்று பெயர். அது பெண் ஆமை என்பது வைட் போன பிறகுதான் தெரிந்தது. ஓடு இன்றும் லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

அவர் பார்க்கிற விதத்தைச் சொன்னால்தான் படம் ஏன் அப்படி இருக்கிறது என்பது விளங்கும். தேனீக்களுக்குக் காது கேட்குமா என்று அவருக்குச் சந்தேகம். கப்பல்காரர்கள் கூப்பிடப் பயன்படுத்தும் பெரிய ஊதுகுழலைத் தேன்கூட்டுக்குப் பக்கத்தில் வைத்து, ஒரு மைல் தள்ளிப் போகிற கப்பலே திரும்பிப் பார்க்கிற அளவுக்குக் கத்தினார். தேனீக்கள் அவை பாட்டுக்கு வேலையைப் பார்த்தன. இதை எழுதுகிறபோது அவரிடம் கொஞ்சமும் வெட்கம் இல்லை. இன்னொரு முறை, சங்கீதம் தெரிந்த நண்பர் ஒருவர் சுருதிக் குழலை வைத்து அக்கம்பக்கத்து ஆந்தைகளைச் சோதித்ததில் எல்லாம் பி ஃபிளாட் என்ற சுரத்தில் அலறுவதாகக் கண்டுபிடித்தார். வைட் அதையும் மரியாதையாகக் குறித்துக்கொண்டார். பிறகு வேறொருவர் அவர் பக்கத்து ஆந்தைகளுக்குச் சுருதி மாறுகிறது என்றார். அதையும் குறித்துக்கொண்டார்.

விளையாட்டுத்தனம் என்று நினைத்துவிட வேண்டாம். இதே காதுதான், கண்ணுக்கு ஒரே மாதிரி தெரிகிற சின்னஞ்சிறு கதிர்க்குருவிகளைப் பாட்டை வைத்து மூன்று இனம் என்று பிரித்தது. அவர் தோற்ற இடமும் உண்டு. தகைவிலான் குருவிகள் குளிர்காலத்தில் எங்கே போகின்றன? சில பொந்துக்குள் ஒளிந்து தூங்கிக் கழிக்கின்றன என்ற பழைய எண்ணத்தை அவரால் கடைசி வரை முழுசாக விட முடியவில்லை. ஜிப்ரால்டரில் பாதிரியாராக இருந்த தம்பி ஜான், அவை கூட்டமாகக் கடல் தாண்டுவதைப் பார்த்ததாக எழுதிய பிறகும் மனம் கேட்கவில்லை. ஆட்களை வைத்து ஊர்மலைச் சரிவில் புதர், வேரிடுக்கு எல்லாம் தேடச் சொன்னார். ஒரு குருவியும் அகப்படவில்லை. பயணம் ஒத்துக்கொள்ளாத மனிதருக்குத் தன் குருவிகளும் எங்கும் போயிருக்கக் கூடாது என்ற ஆசை இருந்திருக்குமோ என்னவோ. இது என் ஊகம்தான்.

சரி, படத்துக்கு வருவோம். இயக்கியவர் ரால்ஃப் கீன். பின்னணி உரை எழுதியவர் லாரி லீ. இருவரும் அசல் ஊர்சுற்றிகள். லீ 1934இல் குளோஸ்டர்ஷயர் கிராமத்திலிருந்து வயலினைத் தூக்கிக்கொண்டு நடந்தே கிளம்பி ஸ்பெயினைச் சுற்றியவர். 1940களில் கீனும் லீயும் சைப்ரஸுக்குப் போய் ஒரு படம் எடுத்து, அதைப் பற்றிப் புத்தகமும் எழுதினார்கள். இந்தப் படம் வந்து இரண்டு ஆண்டு கழித்து, 1959இல் லீயின் ‘சைடர் வித் ரோஸி’ வந்தது. மோட்டார் வண்டி வந்து தன் கிராமத்தின் பழைய வாழ்க்கை எப்படி முடிந்தது என்று சொல்லி முடிகிற நூல் அது. போக்குவரத்துக் கழகம் தன் படத்துக்கு வசனம் எழுத இப்படி ஒருவரைப் பிடித்ததை நினைத்தால் சிரிப்பு வருகிறது.

கீன் விஷயத்தில் நம் பக்கத்துக்கும் ஒரு நூல் ஓடுகிறது. செல்போர்னுக்கு வருவதற்கு முன்னால் 1950களின் தொடக்கத்தில் அவர் கொழும்பில் இருந்தார், இலங்கை அரசின் படப்பிரிவில். பிற்பாடு சிங்களப் பட இயக்குநரான, அப்போது லண்டனில் பத்திரிகையாளராக இருந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸை, ஊருக்குத் திரும்பி வந்து படம் எடு என்று இழுத்து வந்து உதவியாளராக வைத்துக்கொண்டவர் கீன்தான். அதுவரை சிங்களப் படம் என்றாலே தென்னிந்திய ஸ்டுடியோக்களின் தயாரிப்பு. 1947இல் வந்த முதல் சிங்களப் பேசும் படத்தை எடுத்தவரே மதுரை சித்ரகலா மூவிடோன் எஸ். எம். நாயகம்தான். பீரிஸ் அரசு வேலையை விட்டுவிட்டுக் கேமராவை வெட்டவெளிக்குக் கொண்டுபோய், கிராமத்து வெயிலிலேயே ‘ரேகாவ’வை எடுத்தார். அது 1956 டிசம்பரில் திரைக்கு வந்தது. குரு ஹாம்ப்ஷயரில் மொட்டு விரிவதைக் காட்ட, சீடர் அதே சமயத்தில் இலங்கைக் கிராமத்துச் சிறுவன் ஒருவனைக் காட்டினார். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால், ஊரை அவசரமில்லாமல் பார்க்கிற பழக்கம் இருவருக்கும் பொது என்று எனக்குப் பட்டது. யாரிடமிருந்து யார் கற்றது என்பதை அவ்வளவு உறுதியாகச் சொல்ல மாட்டேன்.

அவசரமில்லாமல் என்று எளிதாகச் சொல்லிவிட்டேன். 35 மில்லிமீட்டர் கேமராவில் வழக்கமான 400 அடிச் சுருள் போட்டால் நாலரை நிமிடம்கூட ஓடாது. அதற்குள் பறவை கூட்டுக்கு வர வேண்டும், வெளிச்சம் இருக்க வேண்டும், கேமராவின் சத்தத்துக்கு அது பயந்து பறக்காமல் இருக்க வேண்டும். நாள் முழுக்க மறைப்புக்குள் குந்தியிருந்து, விரலை விசையில் வைத்துக்கொண்டு, எப்போது அழுத்துவது என்ற ஒரே முடிவுக்காகக் காத்திருக்கிற வேலை. முன்கூட்டியே அழுத்தினால் சுருள் வீண், தாமதித்தால் பறவை வீண். மே மாதத்தில் ஒன்றைத் தவறவிட்டால் அடுத்த வாய்ப்பு அடுத்த மே. இத்தனையும் செய்து அரை மணி நேரப் படம்.

ஆஸ்கர் வரைக்கும் போனது. 1959 விழாவில் குறும்பட ஆவணப்படம், லைவ் ஆக்‌ஷன் குறும்படம் என்று இரண்டு பிரிவிலும் பரிந்துரை. இரண்டிலும் டிஸ்னி படங்களிடம் தோற்றது. ஒன்றில் ஜப்பானில் கடலுக்குள் மூழ்கி எடுக்கிற பெண்கள், இன்னொன்றில் கிராண்ட் கேன்யன். கிராண்ட் கேன்யனோடு போட்டியிட்டு ஹாம்ப்ஷயர் கம்பளிப்பூச்சி எப்படி ஜெயிக்கும்?

தலைப்பைத் தமிழில் எப்படிச் சொல்வது என்று ஒரு நாள் யோசித்துப் பார்த்தேன். ‘இளவேனிலுக்குள் ஒரு பயணம்’ என்று வைத்தால் அகராதிப்படி சரி. ஆனால் இளவேனில் என்றால் நமக்குச் சித்திரை, வைகாசி. இளம் வெப்பம் என்பது சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. ஃபேன் காற்றும் நீர்மோரும் ஞாபகம் வருகிறது. இவர்களுக்கு வசந்தம் என்பது குளிர் கொஞ்சம் கொஞ்சமாக, சில நாள் பின்வாங்கி, மறுபடி வந்து, ஒரு வழியாகப் போவது. வோக்கிங்கில் ஏழு வருடம் குப்பை கொட்டிய பிறகுதான் எனக்கே இது உறைத்தது. முதல் வருடம் மார்ச் ஒன்றாம் தேதி கோட்டைக் கழற்றி வைத்துவிட்டு ஒரு வாரம் காய்ச்சலில் கிடந்தேன்.

அம்மாவின் கேள்விக்கு வருகிறேன். எப்படிப் போவது?

மே மாதக் கடைசி ஞாயிற்றுக்கிழமை கிளம்பினேன். வோக்கிங்கிலிருந்து ஆல்டனுக்கு நேர் ரயில். ஆல்டனோடு தண்டவாளம் முடிகிறது, அதாவது பெரிய ரயிலுக்கு. அதற்கு மேல் ஆல்ரெஸ்ஃபோர்ட் வரை பழைய நீராவி எஞ்சின் ஓட்டுகிற ஆர்வலர்களின் பாதை உண்டு, அது வேறு திசை. செல்போர்ன் தெற்கே ஏழு கிலோமீட்டர் போல. பஸ் இருக்கிறது என்று போனில் பார்த்துவைத்திருந்தேன். நிறுத்தத்தில் போய் நின்று கால் மணி நேரம் கழித்துத்தான் கம்பத்தில் ஒட்டியிருந்த அட்டவணையை ஒழுங்காகப் படித்தேன். நான் பார்த்துவைத்தது வாரநாள் பஸ். நாயோடு போன ஒரு பெரியவர் என் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டு, “ஞாயிற்றுக்கிழமையா?” என்று மட்டும் கேட்டுத் தலையை ஆட்டிவிட்டுப் போனார்.

நடந்தேன். வேறு என்ன செய்வது. ஜேன் ஆஸ்டின் குடியிருந்த சாட்டன் வழியாகப் பாதை போகிறது. அவர் வீட்டு வாசலில் பெரிய கூட்டம், நான் நிற்கவில்லை. அதைத் தாண்டி ஓரிடத்தில் வரைபடத்தில் ஒரு புள்ளிக்கோடும் ‘அகற்றப்பட்ட ரயில்பாதை’ என்ற குறிப்பும் இருந்தன. நிமிர்ந்து பார்த்தால் மரம் மூடிய ஒரு மண்மேடு. அவ்வளவுதான்.

அதுதான் மியான் பள்ளத்தாக்கு ரயில். 1903இல் திறந்தார்கள். ஆல்டனிலிருந்து தெற்கே ஃபேரம் வரை ஓடியது. செல்போர்னுக்குள் எப்போதுமே ரயில் வந்ததில்லை, ஆனால் இந்தப் பாதை மேற்கே கொஞ்ச தூரத்திலேயே போனது. நடந்தோ குதிரை வண்டியிலோ போய் ஏறியிருக்கலாம். 1944 ஜூனில், நார்மண்டி தரையிறக்கத்துக்கு முந்தைய நாட்களில், இதே பாதையில் டிராக்ஸ்ஃபோர்ட் ஸ்டேஷனில்தான் சர்ச்சிலின் ரயில் நின்றது. பயணிகள் போக்குவரத்தை 1955 பிப்ரவரியில் நிறுத்தினார்கள்.

படம் வந்தது 1957. அதாவது செல்போர்ன் வசந்தத்தைப் பாருங்கள் என்று ரயில்வே நாட்டுக்கே படம் போட்டுக் காட்டியபோது, பக்கத்துப் பாதையை அதே ரயில்வே மூடி இரண்டு வருடம் ஆகியிருந்தது. எப்படிப் போகணும் என்று சொல்லாமல் விட்டது கலை மட்டும்தானா என்று அந்த மண்மேட்டுக்குக் கீழே நின்றுகொண்டு யோசித்தேன். ஆன்ஸ்டியின் ஆட்கள் இதைத் திட்டமிட்டு மறைத்தார்கள் என்று சொல்ல மாட்டேன். அவர்களுடைய அக்கறை வேறு. பெரிய நிறுவனத்தில் படம் எடுப்பவனுக்கும் பாதையை மூடுபவனுக்கும் ஒரே இடத்திலிருந்து சம்பளம் வரும். ஒருவன் மேசையில் என்ன இருக்கிறது என்று மற்றவனுக்குத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. நானும் பெரிய நிறுவனத்தில்தான் குப்பை கொட்டுகிறேன்.

ஆறு வருடம் கழித்து 1963 மார்ச்சில் பீச்சிங் அறிக்கை வந்தது. 2,363 ஸ்டேஷன்களையும் ஏறக்குறைய 5,000 மைல் பாதையையும் மூடச் சொன்ன அறிக்கை. எதற்காக மூடுகிறோம் என்று மக்களுக்கு விளக்கவும் ஒரு படம் தேவைப்பட்டது. அதை எடுத்துக் கொடுத்தவர்களும் பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ்தான். வசந்தத்துக்கும் அவர்களே, இலையுதிர்காலத்துக்கும் அவர்களே. மியான் பாதையின் தென்பகுதியில் இப்போது சைக்கிள் ஓட்டுகிறார்கள்.

செல்போர்னை நெருங்கும்போது சாலை பள்ளத்தில் இறங்குகிறது. இந்தப் பக்கத்துப் பழைய பாதைகள் வண்டிச் சக்கரமும் மழைத்தண்ணீரும் அரித்து அரித்து, வயல் மட்டத்துக்குக் கீழே 16, 18 அடி ஆழத்துக்கு இறங்கிவிட்டன என்று வைட் எழுதியிருக்கிறார். வேர்கள் இரண்டு பக்கச் சுவரிலும் தொங்கும். குளிர்காலத்தில் தண்ணீர் உறைந்து ஊரே துண்டாகிவிடும். போக்குவரத்துக்கும் இந்த ஊருக்கும் அன்றிலிருந்தே ஆகாது போலிருக்கிறது.

அவர் வீடு இப்போது அருங்காட்சியகம். தோட்டத்தின் தூரக் கோடியில் ஒரு ஹெர்குலிஸ் சிலை நிற்கிறது. பெரிய கல் சிலை என்று நினைத்துக்கொண்டே போனேன். பக்கவாட்டில் வந்ததும் காணாமல் போய்விட்டது! வெறும் பலகை. ஆளுயரத்தைப் போல் இரண்டு மடங்கு பலகையை வெட்டி, கல் மாதிரி வர்ணம் பூசி, தூரத்தில் நிறுத்தினால் வீட்டிலிருந்து பார்க்கும்போது பிரபு வீட்டுத் தோட்டம் போலத் தெரியும். சிலைக்குச் செலவு செய்ய வசதியில்லாத வைட் அந்தக் காலத்திலேயே செய்த செட் வேலை இது. இப்போது இருப்பது நகல்.

அதைப் பார்த்ததும் எனக்கு அவர்மேல் கூடுதல் பிரியம் வந்துவிட்டது. புத்தகத்தின் முதல் சில கடிதங்கள்கூட யாருக்கும் அனுப்பியவை அல்ல. ஊரை அறிமுகப்படுத்த வேண்டுமே என்று பிற்பாடு உட்கார்ந்து எழுதிக் கடிதம் மாதிரி முன்னால் சேர்த்துக்கொண்டவை. தேனீயிடம் அத்தனை நேர்மையாகக் கத்திய மனிதருக்கு எடிட்டிங்கும் தெரிந்திருக்கிறது. கீனும் லீயும் சரியான ஆளைத்தான் பிடித்திருக்கிறார்கள்.

வீட்டுக்குப் பின்னால் பீச் மரங்கள் அடர்ந்த செங்குத்துச் சரிவு. ஹேங்கர் என்கிறார்கள். அதில் ஏற 1753இல் வைட்டும் தம்பி ஜானும் வெட்டிய வளைந்து வளைந்து போகிற பாதை இன்றும் புழக்கத்தில் இருக்கிறது. எத்தனை திருப்பம் என்று எண்ண ஆரம்பித்து, மூச்சு வாங்கியதில் பாதியில் விட்டுவிட்டேன். மே மாத பீச் இலைக்கு ஒரு பச்சை உண்டு. வெற்றிலைக் கொடியின் தளிர் நுனியை வெயிலுக்கு எதிரே பிடித்தால் தெரிகிற பச்சை. ஒவ்வொரு இலையின் ஓரத்திலும் மென்மயிர், பிறந்த குழந்தையின் காது மாதிரி. படத்தில் இந்தப் பச்சை வந்தபோது சாயம் கூடிப்போனது என்று நினைத்திருந்தேன். சாயம் சரியாகத்தான் இருந்திருக்கிறது.

மாறாதது இதுதான். மற்றதெல்லாம் மாறியிருக்கிறது. தேவாலய முற்றத்தில் வைட் காலத்திலேயே கிழமாக இருந்த ஒரு யூ மரம். அவர் அளந்து 23 அடிச் சுற்றளவு என்று எழுதியது. படம் எடுத்த காலத்தில் நின்றுகொண்டிருந்தது. 1990 ஜனவரிப் புயலில் சாய்ந்தது. இப்போது அடிமரம் மட்டும் இருக்கிறது, மேலே ஏதோ கொடி. இங்கிலாந்தின் வயல் வரப்பெல்லாம் நின்ற எல்ம் மரங்கள், 1960களின் கடைசியில் வந்த பூஞ்சை நோயில் கோடிக்கணக்கில் செத்தன. டர்டில் டவ் என்கிற காட்டுப்புறா இந்த நாட்டில் ஏறக்குறைய அற்றுப்போய்விட்டது. குக்கூவின் குரல் பாதிக்கும் கீழே குறைந்தது. 1957இல் இதெல்லாம் நிரந்தரம் என்ற நினைப்பில்தான் கேமராவை வைத்திருப்பார்கள்.

வைட்டின் கல்லறையைத் தேடிக் கண்டுபிடிக்கவே நேரமானது. முழங்கால் உயரம்கூட இல்லாத கல். ‘ஜி. டபிள்யூ.’, கீழே 26 ஜூன் 1793. முழுப் பெயர்கூடக் கிடையாது.

பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்து அம்மா கட்டிக்கொடுத்த எலுமிச்சை சாதத்தைப் பிரித்தேன். கோபுரத்தைச் சுற்றி உழவாரக் குருவிகள் கீச்சிட்டுக்கொண்டு வட்டமடித்தன. இந்த ஊரில் வருடா வருடம் எட்டு ஜோடி உழவாரன் என்று வைட் எழுதிவைத்திருக்கிறார். ஏறுவதும் இல்லை, இறங்குவதும் இல்லை, எட்டுதான். மீதிக் குஞ்சுகள் எங்கே போகின்றன என்று அதற்கும் ஒரு கவலை. சரி, நாமும் எண்ணிப் பார்ப்போம் என்று, படம் ஓடுகிற நேரமான அரை மணியைப் போனில் வைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தேன். நாலு வரும், கோபுரத்துக்குப் பின்னால் போகும், ஆறாகத் திரும்பி வரும். அந்த ஆறில் பழைய நாலு உண்டா இல்லையா என்று தெரியாது. மறுபடி ஒன்றிலிருந்து. பத்து நிமிடத்தில் கழுத்து வலித்தது. அலாரம் அடித்தபோது என் கையில் ஒரு எண்ணும் இல்லை, எலுமிச்சை சாதத்தில் எறும்பு.

திரும்ப ஏழு கிலோமீட்டர் நடந்து, ஆல்டனில் ஒரு ரயிலைத் தவறவிட்டு, அடுத்ததில் ஏறி வீடு சேர்ந்தபோதும் வெளிச்சம் இருந்தது. அம்மா வாசலிலேயே நின்றிருந்தார்.

“போற வழி தெரிஞ்சுதா?”

“நடந்துதான் போகணும்மா.”

“அதைச் சொன்னா யாரு போவா?” என்று சொல்லிக்கொண்டே வெந்நீர் வைக்க உள்ளே போனார்.